சில்லு என்று சொல்லக் கூடாது

போன மாதம் என்னுடைய அலுமாரிச் சாவியைத் திருப்பிக் கொடுக்கக் கராஜுக்கு வந்திருந்தேன். தேத்தண்ணி குடித்துக்கொண்டிருந்தபோது உங்களில் ஒருவர், டயர் கழற்றும் இயந்திரத்துக்கு மேலே ஒட்டியிருக்கும் தாளைக் காட்டிச் சிரித்தார். "சில்லு என்று சொல்லக் கூடாது" என்று தடித்த கறுப்பு மையில் எழுதிய தாள். "அண்ணை, கார் திருத்திற இடத்தில சில்லு எண்டு சொல்லாமல் வேற என்னத்தைச் சொல்லுறது?" என்று கேட்டார். நியாயமான கேள்விதான். பேக்கரியில் பாண் என்று சொல்லக் கூடாது என்று எழுதி வைத்தால் நானும் சிரித்திருப்பேன். அவரே என்னைக் கராஜ் வானில் சென் தெனி வரை கொண்டுவந்து இறக்கிவிட்டார். வழி முழுக்கப் பென்ஷனைப் பற்றிக் கதைத்தோம், தாளைப் பற்றிக் கதைக்கவில்லை. அது ஒரு சிவப்பு விளக்குக்கும் அடுத்த சிவப்பு விளக்குக்கும் இடையில் சொல்லி முடிக்கக்கூடிய கதை இல்லை. அதனால் எழுதுகிறேன்.

எந்தத் திருகை எவ்வளவு இறுக்குவது என்பதையெல்லாம் நான் எழுதப் போவதில்லை. உங்களுக்கு டிப்ளோமா இருக்கிறது. நான் பாரிஸில், லா ஷப்பலுக்குப் பின்னால், ரயில் பாதையை ஒட்டிய அந்தச் சந்துக்குள் வேலைக்கு வந்தபோது, என்னிடம் இருந்தது மூன்று வருடம் உணவகத்தில் கோப்பை கழுவிச் சிவந்த இரண்டு கைகள்தான். வேலை தெரியாததால் செய்த பிழைகள் பல. அவற்றைப் பற்றி எனக்குக் கவலை இல்லை, எல்லோரும் செய்கிறவை. ஆனால் வேலை நன்றாகத் தெரிந்த பிறகு, பத்து வருட அனுபவத்தோடு, ஒரு பிழை விட்டேன். அந்தப் பிழைதான் சுவரில் ஒட்டியிருக்கிறது.

ஒரு காரின் சஸ்பென்ஷன் தேய்ந்துவிட்டால் அது ஒளித்து வைப்பதில்லை. டயரின் உட்பக்கம் மட்டும் தேய்ந்திருக்கும். பிரேக் பிடித்தால் மூக்கு குத்தும். நேர் றோட்டில் ஸ்டியரிங்கைச் சும்மா இருக்க விடாது, இந்தப் பக்கம் கொஞ்சம், அந்தப் பக்கம் கொஞ்சம் என்று கையைக் கேட்டுக்கொண்டே இருக்கும். வேகத்தடையில் ஏறி இறங்கும்போது ஒரு 'டொக்' கேட்கும். இவை எல்லாம் தெருவில் போகிறவருக்கே தெரியும். தெரியாமல் இருப்பது ஒருவருக்குத்தான், அந்தக் காரை ஒவ்வொரு நாளும் ஓட்டுகிறவருக்கு. தேய்மானம் மயிரிழை மயிரிழையாக வருகிறது, அவருடைய கையும் காதும் அதோடு சேர்ந்து பழகிவிடுகின்றன. நல்லாய்த்தான் ஓடுகிறது என்று அவர் சொல்வது பொய் இல்லை. அவர் மனதார நம்பித்தான் சொல்கிறார்.

எனக்கு இதைச் சொன்னவர் எங்கள் பழைய ஷெப், கராஜின் முதலாளி. நீங்கள் வருமுன்னரே அவர் போர்த்துக்கலுக்குத் திரும்பிவிட்டார். தகப்பனின் கராஜைத் தகப்பனைவிட நன்றாக நடத்திய பெண். கத்திப் பேசி நான் கேட்டதில்லை, ஆனால் அவர் மெதுவாகப் பேச ஆரம்பித்தால் நாங்கள் எல்லோரும் ஸ்பானர்களைக் கீழே வைத்துவிடுவோம். "வாடிக்கையாளர் என்ன நினைக்கிறார் என்று கேட்காதே, அவருக்கு என்ன சத்தம் கேட்கிறது என்று கேள்" என்பார். நானும் தலையாட்டுவேன். தலையாட்டுவதில் எனக்கு நிகர் யாரும் இல்லை.

அவரிடம் நான் கற்ற முதல் பிரெஞ்சுத் தொழிற்சொல் 'ஜூ'. ஒரு மூட்டு தேய்ந்து தளர்ந்து அசைந்தால் அதற்கு ஜூ என்று பெயர். பிள்ளைகள் விளையாடும் விளையாட்டுக்கும் அதே சொல்தான். முதல் நாள் அவர் ஒரு காரைத் தூக்கியில் ஏற்றி, முன் சக்கரத்தைப் பிடித்து அசைத்து, ஜூ இருக்கிறது என்றபோது நான் சிரித்துவிட்டேன். நாங்களும் ஆட்டம் என்றுதானே சொல்கிறோம், பந்தாட்டத்துக்கும் ஆட்டம், பல் ஆடினாலும் ஆட்டம். அந்த ஒரு சொல்லில் இரண்டு பாஷையும் ஒத்துப்போனதால் மற்றச் சொற்களையும் நம்பிவிட்டேன்.

அடுத்த சொல் 'றொத்தூல்'. சக்கரத்தையும் காரின் உடம்பையும் பிடித்து வைத்திருக்கும் அந்த உருண்டை மூட்டு. பிரெஞ்சில் அதே சொல் மனிதனுடைய முழங்காலிலும் இருக்கிறது. அப்போது எங்களோடு வேலை செய்த புதுச்சேரிக்காரர் ஒருவர், "அதாங்க, முழங்கால் சில்லு" என்று அதைத் தமிழாக்கினார். எல்லோருக்கும் பிடித்துவிட்டது. நாள் போகப் போக முழங்கால் தேய்ந்து போய்ச் சில்லு மட்டும் மிஞ்சியது. அவருடைய ஊரில் காருக்கு இருப்பது சக்கரம், அதனால் அவருக்கு எந்தக் குழப்பமும் இல்லை. எங்களுக்கோ, யாழ்ப்பாணத்திலும் வன்னியிலும், காருக்கு இருப்பது சில்லு. ஆனால் கராஜுக்குள் சக்கரத்தை நாங்கள் பிரெஞ்சில் 'ரூ' என்று சொல்லிப் பழகிவிட்டோம். ஆகவே உள்ளே ஒருவரும் தடுமாறவில்லை. சில்லு என்றால் மூட்டு, ரூ என்றால் சக்கரம். பத்து வருடம் இப்படி ஓடியது. என் தாய்மொழியில் சில்லு என்றால் என்ன என்பதே எனக்கு மறந்துபோயிருந்தது என்று சொன்னால் நம்புவீர்களா? உண்மை அதுதான்.

இனிக் கமலனின் கதை. கமலன் முல்லைத்தீவுப் பக்கத்து ஆள், என்னைவிடப் பதினைந்து வயது இளையவர். லா ஷப்பலில் ரோல்ஸும் பற்றிஸும் செய்யும் ஒரு சமையற்கூடத்தில் வேலை. மனைவி சுகந்தி, பதினைந்து வயது மகள் மதுரா, மூவரும் பியர்ஃபித்தில் இருந்தார்கள். பழைய ஸ்டேஷன் வாகன் ஒன்று வைத்திருந்தார். பழையது என்றாலும் உள்ளே ஒரு தூசி கிடக்காது. சுகந்தியின் தம்பிக்கு ஜெர்மனியில், ஸ்டுட்கார்ட்டில் ஞாயிற்றுக்கிழமை கல்யாணம், அதற்கு முதல் வெள்ளிக்கிழமை காலை புறப்படுவதாக இருந்தார்கள். மாப்பிள்ளையின் ஒரே அக்கா அவர்தான், கூறைச் சேலையும் தாலியும் இவர்களுடைய காரில்தான் போக வேண்டும். போகுமுன் பிரேக்கைப் பார்த்துவிடச் சொல்லிக் காரை ஒரு திங்கட்கிழமை காலை விட்டுவிட்டுக் கமலன் வேலைக்குப் போய்விட்டார்.

பிரேக்கில் பெரிதாக ஒன்றும் இல்லை. ஆனால் முன் இடப் பக்கச் சக்கரத்தை மேலும் கீழும் பிடித்து அசைத்தபோது மூட்டு என் கைக்குள் ஆடியது. கொஞ்ச ஆட்டம் இல்லை. அன்றே சாமானுக்குச் சொல்லிவிட்டுக் கமலனுக்குப் போன் செய்தேன். சமையற்கூடத்தின் இரைச்சல் பின்னால் கேட்டது.

"தம்பி, முன் இடப் பக்கம் சில்லு முடிஞ்சுது. அதை மாத்தாமல் ஜெர்மனிக்கு வெளிக்கிடாதேங்கோ."

"அப்பிடியே அண்ணை? சரி, மாத்துவம்."

"சாமான் நாளைக்கு வந்திடும். புதன்கிழமை கொண்டு வாங்கோ."

"ஓம் ஓம், பாத்துச் செய்யிறன்."

வேலைத்தாளிலும் எழுதினேன், பிரெஞ்சில், சரியான சொல்லில், இரண்டு கோடு போட்டு. அன்று பின்னேரம் அவர் வந்து சாவியோடு தாளையும் வாங்கி, காரின் முன் பெட்டிக்குள் வைத்துப் பூட்டிக்கொண்டு போனார். பிரெஞ்சில் வருகிற கடதாசி எல்லாம் அவருக்கு வீட்டில் மகள் வாசித்துச் சொல்பவை. போனில்தான் அண்ணை தமிழில் சொல்லிவிட்டாரே, இதை ஏன் அவர் வாசிப்பிக்க வேண்டும்?

புதன்கிழமை வரவில்லை. வியாழக்கிழமை மத்தியானம் கறிவேப்பிலைக் கட்டும் பையுமாகக் கராஜ் வாசலால் போனவர் எட்டிப் பார்த்தார்.

"அண்ணை, சில்லு மாத்தியாச்சு."

நான் ஒரு எஞ்சினுக்குள் தலையை விட்டபடி நின்றேன். "ஆர் மாத்தினது?"

"நான்தான். செவ்ரானில ஒரு சிநேகிதன் குடுத்தவன். வீட்டு வாசல்ல வச்சு அரை மணித்தியாலத்தில போட்டிட்டன்."

"நல்லது," என்றேன்.

இந்த 'நல்லது'தான் நான் விட்ட பிழை. போனில் வாய் தவறியதை நான் பழக்கம் என்று தள்ளிவிடலாம். இது வேறு. வீட்டு வாசலில் அரை மணித்தியாலத்தில் யாரும் அந்த மூட்டை மாற்ற மாட்டார்கள், நானும் மாட்டேன். அவருக்காக வாங்கிய மூட்டு பெட்டி பிரிக்காமல் என் தலைக்கு மேலே தட்டில் இருந்தது. எல்லாம் கண்ணுக்கு முன்னால். ஆனால் எனக்கு உள்ளுக்குள் கொஞ்சம் கோபம். நான் கண்டுபிடித்த வேலையை எனக்குத் தராமல் தானே செய்துவிட்டாராம், பெரிய மெக்கானிக். அந்தக் கோபத்தில் காது அடைத்துப் போயிற்று. உங்களுக்கும் ரோஷம் வரும் நாட்கள் இருக்கும். அந்த நாட்களில் வாடிக்கையாளர் சொன்னதை இரண்டாம் முறை சொல்லச் சொல்லுங்கள்.

வெள்ளிக்கிழமை காலை பத்தரை மணி இருக்கும். வேறொரு வாடிக்கையாளர், பருத்தித்துறைக்காரர், குளிர்காலச் சக்கரம் ஒன்றை வாசலில் இருந்து உருட்டிக்கொண்டு உள்ளே வந்தார். என் முன்னால் நிறுத்திவிட்டு, "தம்பி, இந்தச் சில்லை எங்கை வைக்கிறது?" என்றார்.

நான் அவரைப் பார்த்தேன், சக்கரத்தைப் பார்த்தேன், தட்டில் இருந்த பெட்டியைப் பார்த்தேன். கமலன் என்ன மாற்றினார் என்பது அப்போதுதான் எனக்கு விளங்கியது. நல்லாய் இருந்த ஒரு சக்கரத்தைக் கழற்றிவிட்டு இன்னொரு நல்ல சக்கரத்தைப் பூட்டியிருக்கிறார். மூட்டு அப்படியே இருக்கிறது. குடும்பத்தோடு காலை எட்டு மணிக்கே புறப்பட்டிருப்பார்.

கமலனுக்கு எடுத்தேன், பதில் இல்லை. ஓட்டும்போது போனைத் தொடாத ஒழுக்கமான மனிதர். இரண்டாம் முறை, மூன்றாம் முறை. என் முகத்தைப் பார்த்துவிட்டு ஷெப் அருகில் வந்தார். இரண்டு வசனத்தில் சொன்னேன். அவர் ஒன்றும் கேட்காமல் வாடிக்கையாளர் பட்டியலைப் புரட்டி, கமலனின் பெயருக்குக் கீழே இருந்த இரண்டாவது இலக்கத்தைக் காட்டினார். அது சுகந்தியின் போன். எடுத்தது மதுரா. நாங்கள் தமிழில் கேட்டால் பிரெஞ்சில் பதில் சொல்லும் பிள்ளை, நான் அதைத் தமிழில் எழுதுகிறேன். அம்மா தூங்குகிறா, ரான்ஸ் நகரைத் தாண்டி அரை மணித்தியாலம் ஆகிறது என்றாள்.

நிறுத்தச் சொல்லிக் கத்த நான் வாயைத் திறந்தேன். ஷெப் என் கையைப் பிடித்துக்கொண்டார். "கத்தாதே," என்றார், அந்த மெதுவான குரலில். "நீ கத்தினால் அவர் பயந்து பிரேக்கை அமுக்குவார், இல்லை ஸ்டியரிங்கை வெட்டுவார். நீ எதற்குப் பயப்படுகிறாயோ அது அப்போதுதான் நடக்கும். முதலில் அவர்களுக்கு என்ன கேட்கிறது என்று கேள்."

குரலைத் தணித்து, "பிள்ளை, அம்மாவை எழுப்பி ஸ்பீக்கரில போடுங்கோ. அப்பாட்டைச் சொல்லுங்கோ, கராஜ் அண்ணை கதைக்கிறார், ஒண்டும் அவசரமில்லை எண்டு," என்றேன்.

"தங்கச்சி, காரில ஏதும் சத்தம் கேக்குதோ?"

சுகந்தி தூக்கக் கலக்கத்திலும் ஒரு நிமிடம்கூட யோசிக்கவில்லை. "கேக்குது அண்ணை. ஒரு மாதமா நான் இவருக்குச் சொல்லுறன், கார் நொண்டுது எண்டு. திருப்பேக்கை டொக் எண்டு கேக்கும். இவர் எனக்குக் காதில வருத்தம் எண்டு சிரிக்கிறார்."

"புதுச் சில்லு போட்டாப் பிறகும் கேக்குதோ?"

"கேக்குது. காலமை வீட்டு வாசல்ல இருந்து எடுக்கேக்கையும் கேட்டது. இப்ப நேர் றோட்டில இல்லை."

ஷெப்புக்குப் பிரெஞ்சில் சொன்னேன். மதுராவிடம் அடுத்த ஓய்விடம் எத்தனை கிலோமீற்றர் என்று கேட்டோம். பலகையைப் பார்த்துவிட்டு ஒன்பது என்றாள். இனி முடிவு எடுக்க வேண்டும். உடனே ஓரத்தில் நிறுத்தினால், லொறிகள் கைக்கெட்டும் தூரத்தில் போகும் இடத்தில் மூன்று பேரும் இறங்கித் தடுப்பைத் தாண்ட வேண்டும். ஓட்டினால் மூட்டு ஒன்பது கிலோமீற்றர் தாங்க வேண்டும். நேர் றோட்டில் சத்தம் இல்லை, இழுவை இல்லை என்று உறுதியாகக் கேட்டுக்கொண்டு ஷெப் ஓட்டட்டும் என்றார், மெதுவாக, வலது ஓரப் பாதையில், நான்கு விளக்கும் மினுங்க. புதிதாக எது கேட்டாலும் அந்த இடத்திலேயே நிறுத்த வேண்டும். அது சரியான முடிவுதானா என்று எனக்கு இன்றும் நிச்சயமில்லை. ஓரத்திலேயே நிறுத்தச் சொல்லும் நல்ல மெக்கானிக்குகளும் இருக்கிறார்கள். ஆனால் யாராவது ஒரு முடிவு எடுத்து, அதற்குத் தானே பொறுப்பு என்று நிற்க வேண்டியிருந்தது. அவர் நின்றார்.

கமலனிடம் நான் உண்மையைச் சொன்னேன். "தம்பி, நான் சொன்னது வேற சாமான். அது இன்னும் மாத்தேல்லை. பயப்பிடாதேங்கோ, பிரேக்கை ஊண்டி அடிக்காதேங்கோ, ஸ்டியரிங்கை மெல்லமாப் பிடியுங்கோ."

"சரி அண்ணை," என்றார் கமலன். நான்கு விளக்கும் மினுங்கும் டிக் டிக் சத்தம் போனில் கேட்கத் தொடங்கியது.

மதுரா வீதியோரக் கட்டைகளைப் பார்த்துக் கிலோமீற்றர்களை எண்ணினாள். எட்டு. ஏழு. பின்னால் சுகந்தி முணுமுணுத்தது பிரார்த்தனை என்று நினைக்கிறேன். கராஜில் காற்று இயந்திரத்தைக்கூட யாரோ நிறுத்திவிட்டார்கள். எனக்குப் பயமாக இருந்தது. ஷெல் விழுந்த நாட்களில் பயந்திருக்கிறேன், ஆனால் அந்த ஷெல்லை நான் அடிக்கவில்லை. இது என் வாயிலிருந்து போன ஒரு சொல். நான்கு. மூன்று. இரண்டு என்று சொல்லும்போது மதுராவின் குரல் உடைந்தது, ஆனாலும் சொன்னாள்.

ஓய்விடத்துக்குள் நுழைந்துவிட்டார்கள். "எங்கை நிக்கிறியளோ அங்கையே நிப்பாட்டுங்கோ, வளைக்காதேங்கோ," என்றேன். கமலன் ஒழுக்கமான மனிதர் என்று சொன்னேனே. பின்னால் வருகிறவர்களுக்கு இடைஞ்சலாகிவிடும் என்று, கோடு போட்ட இடத்துக்குள் விட ஸ்டியரிங்கை முழுக்கத் திருப்பினார். போனில் ஒரு பெரிய சத்தம். பிறகு ஒன்றும் இல்லை.

"பிள்ளை? மதுரா?"

எத்தனை விநாடி போனது என்று தெரியாது. பிறகு அவள் பிரெஞ்சில், மிகவும் ஆச்சரியப்பட்ட குரலில், சொன்னாள். "கார் முழந்தாள் போட்டு நிற்கிறது."

ஒருவருக்கும் ஒன்றும் இல்லை. மூட்டு கழன்று, இடது சக்கரம் உள்ளே மடிந்து, கார் முன்பக்கமாகச் சரிந்துவிட்டது. நடக்கும் வேகத்தில், புல் ஓரத்தில். பத்து நிமிடத்துக்கு முன் நடந்திருந்தால் என்பதை நான் எழுதப் போவதில்லை, நீங்களே நினைத்துப் பாருங்கள். நான் அப்படியே தரையில் குந்திவிட்டேன். அழுதேன். பருத்தித்துறைக்காரர் இன்னும் அந்தச் சக்கரத்தைப் பிடித்துக்கொண்டே நின்றார்.

என் பிழை, எல்லாம் என் பிழை என்று நான் புலம்பத் தொடங்க ஷெப் இடைமறித்தார். "உன் பிழையைப் பற்றித் திங்கட்கிழமை பேசலாம். கல்யாணம் ஞாயிற்றுக்கிழமை. அவர்கள் எப்படிப் போவார்கள்?" எனக்கு அது தோன்றவே இல்லை. பிழை விட்டவன் தன்னைப் பற்றியே யோசித்துக்கொண்டிருப்பான், அதையும் அன்றுதான் கண்டேன். என்னுடைய சொந்தக் காரை எடுத்துக்கொண்டு அந்த நிமிடமே புறப்பட்டேன்.

போய்ச் சேர்ந்தபோது நெடுஞ்சாலை உதவி ஆட்கள் அவர்களுடைய காரை லொறியில் ஏற்றிக்கொண்டிருந்தார்கள். மூவரும் மரமேசையில் உட்கார்ந்து இடியப்பம் சாப்பிட்டார்கள். கூறையும் தாலியும் இருந்த பெட்டி சுகந்தியின் மடியில். எனக்கும் ஒரு தட்டில் வைத்துத் தந்தார்கள், நான் நின்றபடியே முழுக் கதையையும் சொன்னேன். முழங்கால் சில்லு, புதுச்சேரிக்காரர், ரூ, எல்லாம். வேலைத்தாளை எடுத்து மதுரா வாசித்தாள். அதில் சரியாகத்தான் எழுதியிருந்தது.

கமலன் மகளிடமிருந்து தாளை வாங்கி மடித்தார். பிறகு, "அப்ப நான் கழட்டின பழைய சில்லு?" என்றார்.

"அதில ஒரு பிழையும் இல்லை, தம்பி."

"நல்ல சில்லைக் கழட்டிப்போட்டு, நல்ல சில்லைப் பூட்டி, மூண்டு பேரையும் ஏத்திக்கொண்டு..." மகளின் தலையில் கையை வைத்துக்கொண்டிருந்தார். திட்டியிருந்தால் எனக்குச் சுகமாக இருந்திருக்கும். சற்றுப் பொறுத்து, "நானும் அந்தக் கடதாசியை வாசிப்பிச்சிருக்கலாம்," என்றார்.

"நான் சொன்னதையும் கேட்டிருக்கலாம்," என்றார் சுகந்தி, அவருக்கு இன்னொரு இடியப்பம் வைத்தபடி.

அவர்களை ஏற்றிக்கொண்டு கிழக்கே ஓட்டினேன். கமலன் பின்னால் மகளின் தோளில் சாய்ந்து தூங்கிவிட்டார், சுகந்தி என் பக்கத்தில். கட்டணச் சாவடி ஒன்றைத் தாண்டும்போது அவர் தொண்டையைச் செருமினார்.

"அண்ணை, கோவிக்காதேங்கோ. உங்கட காரிலயும் ஒண்டு கதைக்குது."

"எங்கை?"

"பின்னால, என்ர பக்கம். கட கட எண்டு."

"அது ஜாக்கி தங்கச்சி. டிக்கிக்குள்ள ஆடுது. கனகாலமா இருக்கு."

"சரி அண்ணை," என்றார். ஒரு மாதமாகக் கணவனுக்கு எந்தக் குரலில் சரி என்று சொல்லியிருப்பாரோ, அதே குரல்.

அந்தக் குரல் என்னைச் சும்மா விடவில்லை. அடுத்த ஓய்விடத்தில் நிறுத்தி டிக்கியைத் திறந்தேன். ஜாக்கி வாரால் இறுக்கிக் கட்டியபடி கிடந்தது. புல்லில் படுத்துக் கையை உள்ளே விட்டேன். பின் வலப் பக்கம், காரின் உடம்பு சாயாமல் பிடிக்கும் சிறு கம்பியின் ரப்பர் முழுக்கத் தேய்ந்து, கம்பி என் விரல்களுக்குள் ஆடியது. ஆபத்தான பகுதி இல்லை, ஸ்டுட்கார்ட்டும் போய்த் திரும்பியும் வரலாம். ஆனால் எழும்பி உடுப்பைத் தட்டியபோது எனக்கு அவருடைய முகத்தைப் பார்க்க வெட்கமாக இருந்தது. பத்து வருடம் மற்றவர்களின் கார்களில் ஆட்டம் தேடியவன், என் காரில் கனகாலமாக ஜாக்கியின் மேல் பழி போட்டுக்கொண்டு ஓடியிருக்கிறேன். சுகந்தி கண்ணாடியால் வெளியே பார்த்துச் சிரித்துக்கொண்டிருந்தார். கொஞ்சம் போக நானும் சிரித்தேன், இரண்டு பேரும் சிரித்த சிரிப்பில் பின்னால் கமலன் விழித்துவிட்டார்.

ஞாயிற்றுக்கிழமை கல்யாணம் நல்லபடி நடந்தது. மூன்று முடிச்சுக்கும் அக்கா பக்கத்தில் நின்றாராம். அடுத்த கிழமை சுகந்தி பலகாரப் பெட்டியோடு கராஜுக்கு வந்தபோது நான் என் சொந்தக் காருக்கு அடியில் கிடந்தேன். அவர் பெட்டியை ஷெப்பிடம் கொடுத்துவிட்டு, ஒரு தாளும் தடித்த பேனையும் கேட்டு வாங்கினார். ஷெப்பின் மேசையில் நின்றபடியே எழுதி, தானே ஏறி ஒட்டிவிட்டு இறங்கினார். நான் எழுதினேன் என்று நினைத்திருப்பீர்கள், என் கையெழுத்து அவ்வளவு அழகில்லை.

அன்றிலிருந்து அந்தக் கராஜில் எந்தச் சாமானின் பெயரையும் போனில் சொல்லி முடிப்பதில்லை. வாடிக்கையாளர் வர வேண்டும், காரைத் தூக்கியில் ஏற்றி அவருடைய கையையே சக்கரத்தில் வைத்து அசைக்கச் சொல்ல வேண்டும். தன் கைக்குள் ஆடியதை யாரும் வேறு ஒன்றாக விளங்கிக்கொள்வதில்லை. நேரம் போகிறது என்று நீங்கள் முணுமுணுப்பது எனக்குத் தெரியும். போகட்டும்.

இன்னொன்று. அந்தத் தாளில் இரண்டு வரிகள் இருக்கின்றன. கீழ் வரி எண்ணெய்க் கறைக்குள் மறைந்துவிட்டது, அதனால்தான் நீங்கள் மேல் வரியை மட்டும் பார்த்துச் சிரிக்கிறீர்கள். புதுத் தாளில் எழுதும்போது அதையும் சேர்த்து எழுதுங்கள். "பக்கத்துச் சீற்றில் இருப்பவரைக் கேட்கவும்" என்று இருக்கும்.

நான் இப்போது ஓய்வு பெற்றுவிட்டேன், எங்கே போனாலும் பக்கத்துச் சீற்றில்தான் இருக்கிறேன். போன மாதம் நீங்கள் என்னைச் சென் தெனி வரை கொண்டுவந்து விட்டீர்களே, அந்தக் கராஜ் வான். கடைசி வேகத்தடையில் முன் வலப் பக்கம் ஒரு சத்தம் கேட்டது. நாளைக்கே தூக்கிப் பாருங்கள்.